கஜிமியெஷ்: அமைதியைக் கொண்டு வருபவனா, குலைப்பவனா?

கேள்வி இது. வார்சாவில் வேலை பார்க்கும் ஒரு தமிழருக்கு, அவரோடு வேலை பார்க்கும் போலந்துக்காரர் தன் மகனின் ஞானஸ்நானத்துக்கு அழைப்பு கொடுத்திருக்கிறார். பிள்ளைக்குப் பெயர் கஜிமியெஷ். வாழ்த்து அட்டையில் பெயரின் பொருளையும் சேர்த்து எழுதலாம் என்று இணையத்தில் தேடினால், ஒரு தளம் 'அமைதியை அறிவிப்பவன்' என்கிறது, அடுத்த தளம் 'அமைதியை அழிப்பவன்' என்கிறது. எது சரி, அட்டையில் எதை எழுதுவது?

அழிப்பவன்தான் சரி. பிள்ளையைப் பெற்றவர்கள் சங்கடப்படுவார்களே என்று பெயர்ப் புத்தகங்கள் அதைத் தேய்த்துத் தேய்த்து 'அறிவிப்பவன்' ஆக்கிவிட்டன. ஆனால் அழிப்பவன் என்பது அந்தக் காலத்தில் கெட்ட பெயரே இல்லை, அதுதான் இதில் சுவாரசியம். கொஞ்சம் நீட்டிச் சொல்கிறேன்.

முதலில் உச்சரிப்பு. நடு அசையில் அழுத்தம் கொடுத்து க-ஜி-மியெஷ். கடைசியில் இருப்பது எழுத்தில் 'ஆர்', 'இசட்' என்ற இரண்டு எழுத்துகள், வாயில் வருவது வெறும் ஷ். லத்தீன் வழியாக மேற்கே போனபோது இது காசிமிர் ஆனது. இயற்பியல் படித்தவர்கள் காசிமிர் விளைவு என்று கேள்விப்பட்டிருப்பார்கள். 1948இல் அதைச் சொன்ன ஹென்ட்ரிக் காசிமிர் நெதர்லாந்துக்காரர், அவருக்கு இது குடும்பப் பெயர், வேர் இதே ஸ்லாவியப் பெயர்தான். காஷ்மீருக்கும் இதற்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. தமிழில் எழுதிப் பார்த்தால் பக்கத்தில் பக்கத்தில் வருகிறது, அவ்வளவுதான்.

இனி உள்ளே போவோம். பழைய போலிஷ் பெயர்களில் பெரும்பகுதி இரண்டு சொல் ஒட்டியவை. ஸ்தனிஸ்வாவ், போலெஸ்வாவ், ப்ரோனிஸ்வாவ் என்று வரும் எல்லாவற்றிலும் கடைசியில் இருக்கும் 'ஸ்வாவ்' புகழ். போலெஸ்வாவ் என்றால் அதிகப் புகழ், ப்ரோனிஸ்வாவ் என்றால் புகழைக் காப்பவன். நம் பெயரிலும் அதே தையல்தான்: முன்னால் 'கஜி', பின்னால் 'மிர்'.

'கஜி' எந்த வினையிலிருந்து வந்தது என்பதில்தான் சண்டை. போலிஷில் காதுக்கு ஒன்றுபோல் ஒலிக்கும் இரண்டு வினைகள் உண்டு. ஒன்று கஸாச்: சொல், கட்டளையிடு. சர்ச்சில் பாதிரியார் செய்யும் பிரசங்கம் கஸானியே. ராணுவத்தில் உத்தரவு ரோஸ்காஸ். தெருவில் 'புகைபிடிக்கத் தடை', 'வண்டி நுழையத் தடை' என்று மாட்டியிருக்கும் பலகைகளில் எல்லாம் முதல் சொல் ஸாகாஸ். மற்றொன்று கஜிச்: கெடு, பாழாக்கு. இந்த வினையை இன்று தனியாகப் பேச்சில் கேட்க மாட்டீர்கள், ஆனால் அதன் குட்டிகள் வீடு முழுக்கத் திரிகின்றன. ஸ்காஸா என்றால் மாசு, கறை. பசும்பால் ஒத்துக்கொள்ளாத கைக்குழந்தைக்குக் கன்னம் சிவந்து தடித்தால் பாட்டிமார் ஸ்காஸா பியவ்கோவா என்பார்கள், அதாவது புரதத்தால் வந்த கெடுதல். குடிக்க முடியாதபடி மருந்து கலந்த தொழிற்சாலைச் சாராயத்தின் லேபிளில் ஸ்கஜோனி என்று போட்டிருக்கும். ஆஸ்பத்திரியில் தொற்றுநோய் வார்டின் பெயரிலும் இதே வேர். கிழக்கே ரஷ்ய மொழிக்குப் போனால் தொழுநோய்க்குப் பெயர் ப்ரகாஸா, அதுவும் இதன் உறவுதான்.

கொரோனா காலத்தில் போலந்துச் செய்திகளைப் பார்த்தவர்களுக்கு இந்த இரட்டையர் நன்றாகத் தெரியும். ஒரே திரையில் மேலே ஸகஜோனி, கீழே ஸகஸானி. முதலாவது 'தொற்று கண்டவர்', இரண்டாவது 'தடை செய்யப்பட்டது'. எழுத்தில் பார்த்தால் ஓர் உயிரெழுத்தும், இசட்டின் தலையில் ஒரு புள்ளியும்தான் வித்தியாசம். புள்ளி வைத்த இசட் தடித்த ஜ. புள்ளி இல்லாமல் இகரம் சேர்ந்து வந்தால் நாக்கு மேலண்ணத்தில் படிந்து வரும் மெல்லிய ஜ. தமிழ் எழுத்தில் இரண்டையும் ஜ என்றுதான் எழுதித் தொலைக்க வேண்டியிருக்கிறது, மன்னிக்கவும்.

அந்தப் புள்ளிதான் இந்த வழக்கில் சாட்சி. இதுபோன்ற பெயர்களில் முன்னால் நிற்கும் வினை பெரும்பாலும் ஏவல் வடிவத்தை ஒட்டியே நிற்கும். 'காப்பாற்று' என்பதற்கான ப்ரோனி, ப்ரோனிஸ்வாவ். 'பழிவாங்கு' என்பதற்கான ம்ஷ்ச்சி, ம்ஷ்ச்சிஸ்வாவ். இப்போது நம் இரண்டு வினைகளையும் ஏவலாக்கிப் பாருங்கள். சொல்லு என்ற கஸாச் ஏவலில் தடித்த, புள்ளி வைத்த ஜ எடுத்துக்கொள்ளும், பழைய ஸ்லாவிய மொழியிலும் அப்படித்தான். கெடு என்ற கஜிச் ஏவலில் மெல்லிய ஜ-வோடு அப்படியே நிற்கும். (மேலே சொன்ன தொற்று, தடை இரண்டிலும் இது தலைகீழ், அங்கே கெடு என்பதற்குத்தான் புள்ளி. அது செயப்பாட்டு வடிவம், அதற்கு வேறு கணக்கு. இதில் குழம்பித்தான் பலர் வழுக்குகிறார்கள்.) பெயரில் இருப்பது மெல்லிய ஜ, புள்ளி கிடையாது. ஆகவே 'அமைதியைச் சொல்' அல்ல, 'அமைதியைக் கெடு'. எனக்கு இதில் சந்தேகமே வந்ததில்லை.

தமிழ் இலக்கணம் படித்தவர்களுக்கு இன்னொரு சந்தோஷம் இருக்கிறது. கஜிச் என்பது ஒரு பிறவினை. அதன் தன்வினை செஸ்னோன்ச்: மங்கு, தேய்ந்து மறை. தானே மறைந்தால் அது, மறையச் செய்தால் இது, நம் அழிதல்-அழித்தல் போல. கஜிமியெஷ் அமைதியை உடைத்து நொறுக்குகிறவன் என்று படம் பிடிப்பதைவிட, அமைதியை இல்லாமல் போகச் செய்கிறவன் என்று எடுத்துக்கொள்வது வேருக்கு நெருக்கம்.

சரி, 'மிர்'? ரஷ்ய மொழியில் இன்றும் மிர் என்றால் அமைதி, உலகம் இரண்டும். போலிஷில் அமைதிக்கு இப்போது போக்குய் என்ற வேறு சொல்தான். மிர் ஒரு மூலையில் ஒதுங்கிவிட்டது. ஊரில் ஒருவருக்கு மதிப்பு மரியாதை இருந்தால் 'அவருக்கு மிர் உண்டு' என்பார்கள், கொஞ்சம் புத்தக வாடையோடு. ஆனால் நான் ரசிப்பது சட்டப் புத்தகத்தில் இருக்கும் மிர். போலந்துக் குற்றவியல் சட்டத்தின் 193ஆம் பிரிவு, அடுத்தவர் வீட்டுக்குள் அத்துமீறி நுழைவது அல்லது போகச் சொன்னாலும் போகாமல் நிற்பது பற்றியது. அந்தக் குற்றத்தின் பெயரே 'இல்லத்து மிரை மீறுதல்'. இது இடைக்காலத்து எச்சம். அன்று மிர் என்றால் சும்மா சத்தமில்லாமல் இருப்பது அல்ல; சட்டம் காவல் நிற்கும் நிலை. சந்தைக்கு ஒரு மிர், பெருவழிக்கு ஒரு மிர், அதை மீறினவன் ஆட்சியாளனுக்கே பதில் சொல்ல வேண்டும்.

அப்படியிருக்க ஒரு பிரபு தன் பிள்ளைக்கு 'மிரைக் கெடுப்பவன்' என்று பெயர் வைப்பானா? வைப்பான். யாருடைய மிர் என்று கேட்டால் புரிந்துவிடும்: எதிரியுடையது. சத்துருக்கன் என்றால் பகைவரை அழிப்பவன். அந்தப் பெயரைக் கேட்டு யாரும் முகம் சுளிப்பதில்லை. ம்ஷ்ச்சிஸ்வாவ் என்பதில் பழிவாங்கல் இருக்கிறது, நியெமிர் என்று 'மிர் இல்லாதவன்' என்றே ஒரு பெயர் இருந்தது, நியெலுப் என்றால் 'பிடிக்காதவன்', கெட்ட கண் படாமலிருக்க வைத்த பெயர். அமைதி, அன்பு, கருணை எல்லாம் பெயர்ப் பட்டியலில் மேலே வந்தது பிற்காலத்து ரசனை. அந்த ரசனையோடு 11ஆம் நூற்றாண்டுக்குப் போனால் அகராதியைத் திருத்தத்தான் கை வரும்.

ஓர் இடைச்செருகல்: இந்த மிர் உண்மையில் அமைதியே அல்ல, 'பெரிய, பேர்பெற்ற' என்று பொருள்படும் வேறொரு பழைய விகுதி, பின்னால்தான் அமைதியோடு குழம்பியது என்று சொல்பவர்களும் உண்டு. வ்லதீமிர் என்ற பெயரைப் பழைய ரஷ்ய நாளாகமங்கள் எழுதும் விதம் அதற்கு நல்ல ஆதாரம். அப்படிப் பார்த்தால் நம் ஆள் 'அழிப்பதில் பேர்போனவன்'. எப்படிச் சுற்றினாலும் அறிவிப்பவன் வர மாட்டேன் என்கிறான்.

மிர் எப்படி மியெஷ் ஆயிற்று என்பதையும் சொல்லிவிடுகிறேன். ரகரத்துக்கு முன்னால் வரும் இகரம் போலிஷில் 'இயெ' என்று அகன்றது. கோடாலிக்குப் பழைய சொல் ஷெகிரா, இன்று ஷெகியேரா. கடைசி ரகரம் ஷ் ஆனதற்கு ஊர்ப்பெயர்கள் உதவியிருக்க வேண்டும். 'கஜிமிருடைய' ஊர் என்று உடைமையாகச் சொல்லும்போது ரகரம் மெலிந்து அந்த ஒலிக்குப் போகும், பிறகு ஆளுக்கும் ஊருக்கும் ஒரே சொல் என்றாகிவிட்டது. இன்றும் தெற்குப் போலந்து நகரான கிராக்கூவில் 'கஜிமியெஷுக்குப் போகலாம்' என்றால் யாரையும் பார்க்கப் போவதில்லை, சாயங்காலம் ஒரு பேட்டைக்குச் சாப்பிடப் போகிறார்கள் என்று அர்த்தம்.

பெயர் போலந்தை ஆண்ட பியாஸ்ட் வம்சத்துக்குள் நுழைந்தது 1016இல். இரண்டாம் மியெஷ்கோவுக்கும், ஜெர்மானியப் பேரரசர் மூன்றாம் ஓட்டோவின் சகோதரி மகளான ரிஹேஸாவுக்கும் பிறந்த பிள்ளைக்கு கஜிமியெஷ் என்று ஒன்று, கரோல் என்று ஒன்று, இரண்டு பெயர். அப்பா பக்கத்துக்கு ஸ்லாவியம், அம்மா பக்கத்துக்கு சார்லமேன் (கரோல் என்பது சார்லஸின் போலிஷ் வடிவம்). 1034இல் அப்பா இறந்ததும் நாடே சரிந்தது. பிள்ளையை விரட்டினார்கள், குடியானவர்கள் எழுந்தார்கள், பழைய தெய்வங்களுக்குத் திரும்பினார்கள், செக் நாட்டு ப்ரெதிஸ்லாவ் படையோடு வந்து க்னியெஸ்னோ தேவாலயத்திலிருந்து போலந்தின் பாதுகாவலரான புனித வோய்ச்செஹின் எலும்புகளையே தூக்கிக்கொண்டு ப்ராக் போனான். சுமார் 1039இல் கஜிமியெஷ் ஜெர்மானிய உதவியோடு திரும்பினார், 500 வீரர்களோடு என்று காலுஸ் என்று அழைக்கப்படும் பெயர் தெரியாத நாளாகமக்காரர் எழுதுகிறார். பாழான க்னியெஸ்னோவை விட்டுவிட்டுக் கிராக்கூவில் அமர்ந்து, துண்டு துண்டாக நாட்டைச் சேர்த்தார். வரலாற்றில் அவருக்கு நிலைத்த பட்டம் 'மீட்டுக் கட்டியவர்'. குலைப்பவன் என்று பெயர், மீட்டவர் என்று பட்டம்.

மூன்றாம் கஜிமியெஷ் கதை இன்னும் மோசம், அதாவது இன்னும் அழகு. போலந்தில் 'பெரும்' என்ற அடைமொழி நிலைத்த அரசர் இவர் ஒருவரே. 1333இல் பட்டத்துக்கு வந்தார், 1343இல் காலிஷ் நகரில் ட்யூட்டானிக் வீரர் சபையோடு, அதாவது ஜெர்மானியத் துறவி-வீரர்களின் சபையோடு, உடன்படிக்கை செய்தார். கடற்கரைப் பக்கத்துப் பொமரேனிய நிலத்தை அவர்கள் கையில் விட்டுவிட்டு, மூச்சுவிட நேரம் வாங்கிக்கொண்டார். அந்த உடன்படிக்கையைப் போலந்து வரலாறு 'நித்திய அமைதி' என்றே சொல்கிறது. அமைதி குலைப்பவன் கையெழுத்தில் நித்திய அமைதி! கிடைத்த நேரத்தில் கோட்டைகள், நகர்ச் சுவர்கள், எழுதி வைத்த சட்டம், 1364இல் கிராக்கூவில் பல்கலைக்கழகம். 'மரத்தாலான போலந்தைப் பெற்றார், கல்லாலான போலந்தை விட்டுச் சென்றார்' என்று பள்ளிப் பிள்ளைகளும் ஒப்பிப்பார்கள். மேலே சொன்ன பேட்டையும் இவர் 1335இல் கிராக்கூவுக்குப் பக்கத்தில் தனி நகரமாகத் தொடங்கித் தன் பெயரை வைத்ததுதான். 1495இல் யான் ஓல்ப்ராஹ்ட் அரசர் கிராக்கூவின் யூதர்களை அங்கே அனுப்ப, அது யூதப் பேட்டையாகி, போரில் காலியாகி, இன்று உணவகங்களும் ஜெபாலயங்களும் அடுத்தடுத்து இருக்கும் இடம். வார்சாவில் இருக்கிறீர்கள் என்றால் பர்ஸைத் திறந்து 50 ஸ்வோத்தி நோட்டைப் பாருங்கள். கிரீடமும் தாடியுமாக இருப்பவர் இவரே.

இவ்வளவு பழைய புறச்சமயப் பெயர் எப்படிப் பிழைத்தது என்பது நியாயமான கேள்வி. 16ஆம் நூற்றாண்டில் ட்ரென்ட் திருச்சங்கத்துக்குப் பிறகு, குழந்தைக்குப் புனிதர் பெயரை வையுங்கள் என்று திருச்சபை வற்புறுத்தியது. அதில் ஸ்லாவியப் பெயர்கள் கொத்துக் கொத்தாகப் போயின. தப்பியவை எல்லாம் உள்ளே ஒரு புனிதரை வைத்திருந்தவை: ஸ்தனிஸ்வாவ், வோய்ச்செஹ், அப்புறம் நம் கஜிமியெஷ். இந்தப் புனிதர் 1458இல் கிராக்கூவில் பிறந்த இளவரசர். இவருடைய அப்பாவும் கஜிமியெஷ்தான், நான்காமவர். ட்யூட்டானிக் வீரர்களோடு பதின்மூன்று ஆண்டு போர் நடத்தி, 1343இல் விட்ட நிலத்தைத் திரும்பப் பிடித்தவர், பெயருக்கு ஏற்றபடி நடந்த ஒரே ஆள் என்று நான் விளையாட்டாகச் சொல்வதுண்டு. பிள்ளை வேறு மாதிரி, ஜெபமும் தர்மமுமாக வாழ்ந்து 25 வயதில் 1484 மார்ச் 4 அன்று க்ரோத்னோவில் இறந்தார். உடல் வில்னியஸ் பேராலயத்தில் இருக்கிறது. அங்கே அவருடைய கல்லறைச் சிற்றாலயத்தில் ஒரு படம் உண்டு, அதில் அவருக்கு மூன்று கைகள். லில்லிப் பூவைப் பிடித்த வலக்கை ஒன்று, அதை ஒட்டி இன்னொரு வலக்கை. ஓவியர் ஒரு கையை அழித்துவிட்டு வேறு விதமாக வரைந்தார், அழித்த கை திரும்பத் திரும்பத் தெரிந்தது என்பது கதை. லித்துவேனியாவின் பாதுகாவலர் அவர், அங்கே பெயர் கஜிமியெராஸ். மார்ச் 4ஐ ஒட்டி வில்னியஸ் தெருக்களில் நடக்கும் சந்தை முழுக்க உலர்ந்த பூக்களைக் கட்டிச் செய்த நீளமான வண்ணக் குருத்தோலைகள். 'புனித கஜிமியெஷ் நாளில் குளிர்காலம் கடலுக்குக் கிளம்பும்' என்று ஒரு பழமொழி. மார்ச் முதல் வாரப் பனியில் நடந்து பார்த்தவர் யாரும் அதை நம்ப மாட்டார்.

பிற்காலத்தவர்களை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். அமெரிக்கச் சுதந்திரப் போரில் குதிரைப்படை நடத்தி 1779இல் சவானாவில் அடிபட்டு இறந்த கஜிமியெஷ் புவாஸ்கி. இல்லினாய் மாநிலத்தில் மார்ச் முதல் திங்கள் அவர் நாள். தீட்டிய அரிசியில் போய்விடும் தவிட்டுச் சத்தைத் துரத்தி 1912இல் 'வைட்டமின்' என்ற சொல்லை உருவாக்கிய கஜிமியெஷ் ஃபுங்க், வார்சாக்காரர். 1974 உலகக் கோப்பையில் போலந்து மூன்றாமிடம் பிடித்தபோது பயிற்சியாளர் கஜிமியெஷ் குர்ஸ்கி, கேப்டன் கஜிமியெஷ் டெய்னா. வார்சாவின் தேசிய விளையாட்டரங்கத்துக்கு இப்போது குர்ஸ்கியின் பெயர். அந்தத் தலைமுறையில் இது தெருவுக்குத் தெரு இருந்த பெயர். பிறகு தாத்தா பெயர் ஆகிவிட்டது. இப்போது தாத்தா பெயர்களுக்கே மவுசு திரும்பி ஸ்தனிஸ்வாவ், அந்தோனி, ஃபிரான்சிஷெக் என்று தொட்டிலெல்லாம் முதியவர்கள். உங்கள் நண்பரும் அந்த வரிசையில் சேர்கிறார் போலிருக்கிறது. அநேகமாகக் குடும்பத்தில் ஒரு கொள்ளுத்தாத்தா இருப்பார், கேட்டுப் பாருங்கள்.

அட்டைக்கு வருவோம். பொருளை எழுதாதீர்கள். 'அமைதியை அறிவிப்பவன்' என்று எழுதினால் தப்பு, 'குலைப்பவன்' என்று எழுதினால் சரி, ஆனால் பாட்டி படிப்பார். மேலும் கைக்குழந்தைக்கு யாரும் முழுப்பெயர் சொல்வதில்லை. வீட்டில் கஜியோ, பள்ளிக்கூட வயதில் கஜிக், பெண்ணாக இருந்தால் கஜிமியெரா, சுருக்கமாக கஜியா. போலிஷில் விளிவேற்றுமை இன்னும் உயிரோடு இருப்பதால், கஜியோவை நேரே கூப்பிடும்போது கஜு. இலங்கைத் தமிழர்களுக்குச் சிரிப்பு வரும், அங்கே கஜு என்றால் முந்திரிப் பருப்பு. நாற்பது வருஷம் கழித்து அவன் ஆபீசில் 'பானியே கஜு' என்று கூப்பிடப்படுவான், கஜு சார் என்பது போல. ஆகவே அட்டையில் மேலே 'கஜியோவுக்கு' என்று தமிழில் எழுதிக் கீழே உங்கள் வாழ்த்தை எழுதுங்கள். பூ வாங்குவதாக இருந்தால் ஒற்றைப்படையாக வாங்குங்கள், இரட்டைப்படை அங்கே சாவு வீட்டுக்கு. மார்ச் 4ஐ நாள்காட்டியில் குறித்துக்கொள்ளுங்கள், பெயர் நாளுக்கு (அதே பெயருள்ள புனிதரின் திருநாள்) ஒரு வரி அனுப்பினால் பிறந்தநாள் வாழ்த்தைவிட அந்த வீட்டுப் பெரியவர்கள் அதிகம் சந்தோஷப்படுவார்கள்.